விளையாட்டு ஓரிடம், பதிவேடு ஓரிடம்: ஸ்டீம், எபிக், ஜிஓஜி, எக்ஸ்பாக்ஸ் ஓர் ஒப்பீடு

256 ஜிபி எஸ்எஸ்டி உள்ள மடிக்கணினியில் சி டிரைவின் பட்டை சிவப்பாக மாறிய பிறகுதான், நிறுவிய விளையாட்டுகள் உண்மையில் எங்கே இருக்கின்றன என்ற கேள்வி பலருக்கும் எழுகிறது. பால்டர்ஸ் கேட் 3 என்ற ஒரு விளையாட்டு மட்டுமே 150 ஜிபி இடம் கேட்கிறது என்னும்போது, அந்தக் கேள்விக்குத் துல்லியமான விடை தெரிந்திருக்க வேண்டியதாகிறது. விண்டோஸ் கணினியில் பலர் பயன்படுத்தும் நான்கு கடைகளை இங்கே எடுத்துக்கொள்கிறேன்: ஸ்டீம், எபிக் கேம்ஸ் ஸ்டோர், ஜிஓஜி, எக்ஸ்பாக்ஸ் செயலி. விளையாட்டை வைக்கும் இடம் நான்கிலும் வேறு; வைத்த இடத்தை நமக்குச் சொல்லும் விதமும் வேறு. விளையாட்டு எந்தக் கோப்புறையில் இருக்கிறது என்பதோடு, அது அங்கே இருக்கிறது என்ற பதிவைக் கடை எங்கே எழுதி வைக்கிறது என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் இந்த ஒப்பீடு பயன்படும். நிலம் ஓர் ஊரிலும் பட்டா வேறோர் ஊரிலும் இருந்தால் வரக்கூடிய சிக்கல்கள் அத்தனையும் இங்கும் வருகின்றன.

டெஸ்க்டாப்பில் உள்ள படவுருவிலிருந்து தொடங்குவதே எல்லோருக்கும் இயல்பு. ஆனால் ஸ்டீம் உருவாக்கித் தரும் குறுக்குவழியின் பண்புகளைத் திறந்தால் அங்கே கோப்பின் முகவரி இராது. 'ஸ்டீம்' என்று தொடங்கும் ஓர் இணைய முகவரியும், அதன் முடிவில் விளையாட்டின் எண்ணும் மட்டுமே இருக்கும். எபிக்கின் குறுக்குவழியும் இதே வகைதான். அவற்றைச் சொடுக்கினால் கடை திறந்து, கடைதான் விளையாட்டைத் தொடங்குகிறது. ஜிஓஜியின் செயலியான கேலக்ஸியின் குறுக்குவழி இதில் சற்று வெளிப்படையானது: அதுவும் கடையையே அழைக்கிறது என்றாலும், அழைக்கும் கட்டளையிலேயே விளையாட்டு இருக்கும் கோப்புறையின் முழு முகவரியும் எழுதப்பட்டிருக்கிறது.

எந்தக் கடையில் வாங்கியது என்பதே மறந்துபோனவர்களுக்கு, எல்லாவற்றுக்கும் பொருந்தும் வழி ஒன்று உண்டு. விளையாட்டை ஓடவிட்டு, கண்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் ஒன்றாக அழுத்தி டாஸ்க் மேனேஜரைத் திறந்து, விளையாட்டின் பெயர்மீது ரைட் கிளிக் செய்து, கோப்பு உள்ள இடத்தைத் திறக்கும் வாய்ப்பைத் தேர்ந்தால், ஓடிக்கொண்டிருக்கும் நிரலின் கோப்புறை கண்முன் வந்துவிடும். ஆனால் அந்தக் கோப்புறை பல நேரங்களில் வீட்டின் வாசலாக இல்லாமல் உள்ளறையாக இருக்கும். கவுண்டர்-ஸ்ட்ரைக் 2 விளையாட்டின் நிரல், தன் கோப்புறைக்குள் 'கேம்', 'பின்', 'வின்64' என்று மூன்று படி உள்ளே இருக்கிறது. அன்ரியல் எஞ்சின் என்ற விளையாட்டு உருவாக்கும் மென்பொருளில் உருவான பல விளையாட்டுகளிலும் இப்படியே. ஆகவே பின்னோக்கி மேலேறிப் போய்த்தான் முழு விளையாட்டையும் பார்க்க முடியும்.

இடத்தை விழுங்குவது எது என்பதே கேள்வியானால், விண்டோஸ் அமைப்புகளில் உள்ள நிறுவிய செயலிகளின் பட்டியல் போதாது. ஸ்டீம் விளையாட்டுகள் பலவற்றுக்கு அதில் அளவே காட்டப்படுவதில்லை. அதற்கு விஸ்ட்ரீ, வின்டிர்ஸ்டாட் போன்ற கருவிகளே ஏற்றவை. இவ்விரண்டில் நான் விஸ்ட்ரீயையே எடுப்பேன். கோப்புறை கோப்புறையாக நுழைந்து எண்ணாமல், விண்டோஸ் வழக்கமாகப் பயன்படுத்தும் என்டிஎஃப்எஸ் அமைப்பிலான வட்டு தன் கோப்புகளைப் பற்றி வைத்திருக்கும் தலைமை அட்டவணையையே நேராகப் படித்துவிடுவதால், அது சில நொடிகளில் முடிக்கிறது.

இனிக் கடைகளுக்கு வருவோம். 2003 செப்டம்பரில் வால்வ் நிறுவனம் தொடங்கிய ஸ்டீம், இந்த விஷயத்தில் மற்ற மூன்றையும்விடத் தெளிவாகச் செயல்படுகிறது. நாம் வேறு இடம் சொல்லாவிட்டால், சி டிரைவில் 'புரோகிராம் ஃபைல்ஸ் (எக்ஸ்86)' கோப்புறையில் 'ஸ்டீம்', அதற்குள் 'ஸ்டீம்ஆப்ஸ்', அதற்குள் 'காமன்' என்ற கோப்புறையில் ஒவ்வொரு விளையாட்டும் தனித்தனியாக அமர்கிறது. இதை மனப்பாடம் செய்யவேண்டிய தேவையும் இல்லை. நூலகத்தில் விளையாட்டின் பெயர்மீது ரைட் கிளிக் செய்து, 'மேனேஜ்' என்பதன்கீழ் 'பிரௌஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்பதைத் தேர்ந்தால் கோப்புறை திறந்துவிடும். வேறு டிரைவில் வைத்தால் அங்கே 'ஸ்டீம்லைப்ரரி' என்ற கோப்புறை உருவாகி, உள்ளே இதே அமைப்புத் தொடர்கிறது.

கோப்புறையின் பெயரை நம்பித் தேடுவோர் மட்டும் ஏமாறக்கூடும். 2013இல் முழுமையாக வெளியான டோட்டா 2 இன்றும் 'டோட்டா 2 பீட்டா' என்ற கோப்புறையில்தான் இருக்கிறது. கவுண்டர்-ஸ்ட்ரைக் 2 வந்தது 2023இல். அதன் கோப்புறைக்கோ 'கவுண்டர்-ஸ்ட்ரைக் குளோபல் அஃபென்சிவ்' என்ற பழைய பெயரே நிலைத்துவிட்டது. பழைய பெயரைக் கண்டு, இது தேவையில்லாத மிச்சம் என்று நீக்கிவிடுவது எளிதில் நேரக்கூடிய தவறு. இங்கே ஸ்டீமின் பதிவேடு கைகொடுக்கிறது. 'காமன்' கோப்புறைக்கு ஒரு படி மேலே, 'ஸ்டீம்ஆப்ஸ்' கோப்புறையிலேயே, 'ஆப்மேனிஃபெஸ்ட்' என்று தொடங்கி விளையாட்டின் எண்ணோடு முடியும் சிறு கோப்புகள் வரிசையாக இருக்கும். கவுண்டர்-ஸ்ட்ரைக் 2இன் எண்ணான 730 கொண்ட கோப்பை நோட்பேடில் திறந்து பாருங்கள்: முதல் சில வரிகளில் விளையாட்டின் எண், அடுத்து அதன் பெயர், சற்றுக் கீழே நிறுவிய கோப்புறையின் பெயர், வட்டில் பிடித்திருக்கும் இடம் என எல்லாம் மேற்கோள் குறிகளுக்குள், யாரும் படிக்கும்படி எழுதப்பட்டிருக்கும்.

இந்தப் பதிவுக் கோப்பு விளையாட்டு இருக்கும் அதே டிரைவில், அதே நூலகக் கோப்புறையில் இருக்கிறது என்பதுதான் ஸ்டீமின் பெரிய பலம். சி டிரைவை முழுவதும் அழித்து விண்டோஸைப் புதிதாக நிறுவினாலும், டி டிரைவில் உள்ள நூலகத்தை ஸ்டீமின் சேமிப்பகப் பக்கத்தில் சேர்த்துவிட்டால், அங்குள்ள பதிவுகளைப் படித்து, அது எல்லா விளையாட்டுகளையும் நிறுவப்பட்டவையாக ஏற்றுக்கொள்கிறது. ஒரு டிரைவிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றுவதற்கும் பண்புகள் பக்கத்திலேயே பொத்தான் உண்டு. ஒன்றை மட்டும் நினைவில் கொள்ள வேண்டும்: விளையாடுவோர் தாம் உருவாக்கியவற்றைப் பகிரும் ஸ்டீம் ஒர்க்‌ஷாப்பில் சேர்த்தவை 'காமன்' கோப்புறைக்குள் வருவதில்லை. சிட்டீஸ்: ஸ்கைலைன்ஸ் விளையாட்டுக்குச் சேர்த்த கட்டடங்களையும் சாலைகளையும் தேடுவோர், 'ஸ்டீம்ஆப்ஸ்' கோப்புறைக்குள் 'ஒர்க்‌ஷாப்', 'கன்டென்ட்' என்று சென்று 255710 என்ற எண்ணுள்ள கோப்புறையைத் திறக்க வேண்டும்.

2018 டிசம்பரில் தொடங்கிய எபிக் கேம்ஸ் ஸ்டோர், விளையாட்டுகளைச் சி டிரைவின் 'புரோகிராம் ஃபைல்ஸ்' கோப்புறையில் 'எபிக் கேம்ஸ்' என்ற பெயரில் வைக்கிறது. நூலகத்தில் விளையாட்டின் அருகே உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு 'மேனேஜ்' பகுதிக்குச் சென்றால், கோப்புறையைத் திறக்கும் சிறு படவுரு அங்கே இருக்கும். கண்டுபிடிப்பதைப் பொறுத்தவரை ஸ்டீமைவிட இது பெரிதாகக் குறைந்ததில்லை. குறை பதிவேட்டில் இருக்கிறது. ஒவ்வொரு விளையாட்டுக் கோப்புறைக்குள்ளும் '.ஈஜிஸ்டோர்' என்ற கோப்புறை இருந்தாலும், எந்த விளையாட்டு எங்கே இருக்கிறது என்று எபிக் பார்த்துக்கொள்ளும் பட்டியல், சி டிரைவில் 'புரோகிராம்டேட்டா' என்ற மறைக்கப்பட்ட கோப்புறையின் உள்ளே 'மேனிஃபெஸ்ட்ஸ்' என்ற இடத்தில் இருக்கிறது. விளையாட்டை டி டிரைவில் வைத்திருந்தாலும் அதன் பட்டா சி டிரைவில்தான்.

இதன் விளைவை என் அக்கா மகனின் கணினியில் நேராகப் பார்த்தேன். பழுது பார்க்கக் கொடுத்த கடையில் சி டிரைவை அழித்து விண்டோஸை மறுபடி நிறுவித் தந்தார்கள். டி டிரைவைத் தொடவே இல்லை என்று கடைக்காரர் உறுதியாகச் சொன்னார், அது உண்மையும்கூட. டி டிரைவின் ஸ்டீம் நூலகத்தைச் சேர்த்த சில நிமிடங்களில் அதன் விளையாட்டுகள் எல்லாம் திரும்பி வந்தன. எபிக் கடையோ, 60 ஜிபிக்கு மேல் டி டிரைவில் அப்படியே இருக்க, எதுவுமே நிறுவப்படவில்லை என்று காட்டியது. பழைய கோப்புறையின் பெயரை மாற்றி, அதே இடத்தில் விளையாட்டைப் புதிதாக நிறுவத் தொடங்கி, ஓரிரு சதவீதம் இறங்கியதும் நிறுத்திக் கடையை மூடி, பழைய கோப்புகளைப் புதிய கோப்புறையில் நகலெடுத்துவிட்டு மீண்டும் தொடரச் சொன்ன பிறகே, அது இருப்பவற்றைச் சரிபார்த்து ஏற்றுக்கொண்டது. இந்த வழி தெரியாதவர் 60 ஜிபியையும் மறுபடி இறக்கியிருப்பார். அளவு வைத்து இணையம் பயன்படுத்தும் வீட்டில் அது சின்னச் செலவு இல்லை.

ஜிஓஜியின் நிலை முற்றிலும் வேறு. 2008இல் பழைய விளையாட்டுகளுக்காகத் தொடங்கிய இந்தக் கடை, கடையின் அனுமதி கேட்கும் உரிமப் பூட்டு இல்லாமல் விளையாட்டுகளை விற்கிறது. கேலக்ஸி செயலி வழியாக நிறுவினால் அது 'ஜிஓஜி கேலக்ஸி' கோப்புறைக்குள் 'கேம்ஸ்' என்ற இடத்துக்குப் போகும். நிறுவல் கோப்பைத் தனியே இறக்கி நாமே நிறுவினால், சி டிரைவின் வாசலிலேயே 'ஜிஓஜி கேம்ஸ்' என்ற கோப்புறை அமையும். விளையாட்டின் கோப்புறைக்குள்ளேயே 'ஜிஓஜிகேம்' என்று தொடங்கும் தகவல் கோப்பு இருப்பதால், கோப்புறையை எங்கே நகர்த்தினாலும் 'இம்போர்ட்' வழியாகக் கேலக்ஸிக்கு அதைக் காட்டிவிடலாம். கேலக்ஸியே வேண்டாம் என்றால் பல விளையாட்டுகளில் நிரல் கோப்பை நேராகச் சொடுக்கினாலே போதும். விளையாட்டின் இருப்பிடத்தை அறிவதால் அதன்மீது உண்மையான ஆளுகை கிடைப்பது இந்தக் கடையில்தான் என்று நான் கருதுகிறேன்.

எக்ஸ்பாக்ஸ் செயலி இதற்கு நேர் எதிர்முனை. மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் வழியாக வந்த விளையாட்டுகள் முன்பு 'புரோகிராம் ஃபைல்ஸ்' கோப்புறைக்குள் மறைந்திருக்கும் 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற இடத்தில் மட்டுமே வைக்கப்பட்டன. கணினிக்குச் சொந்தக்காரர், நிர்வாகி உரிமையோடு நுழைந்தாலும், அந்தக் கோப்புறை கதவைத் திறக்காது. அதன் உரிமை விண்டோஸின் 'டிரஸ்டெட்இன்ஸ்டாலர்' என்ற உள்கணக்கின் பெயரில் இருக்கிறது. முயன்று உள்ளே சென்றாலும், நிறுவனத்தின் பெயர், பதிப்பு எண், கடைசியில் பொருள் விளங்காத 13 எழுத்துக் குறி எனக் கோப்புறைப் பெயர்கள் நீண்டுகொண்டே போகும். தன் பணத்தில் வாங்கிய வட்டில் ஒருவர் பூட்டிய அறை முன் நிற்பது எனக்குச் சற்றும் ஏற்புடையதாக இல்லை. பிற்பாடு வந்த மாற்றத்தால் பல விளையாட்டுகள் டிரைவின் வாசலிலேயே 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' என்ற கோப்புறையில், புரியும் பெயரோடு, 'கன்டென்ட்' என்ற உட்கோப்புறையில் அமைகின்றன. விளையாட்டின் 'மேனேஜ்' பகுதியில் 'ஃபைல்ஸ்' என்பதைத் திறந்தால், கோப்புறைக்குச் செல்லவும் டிரைவை மாற்றவும் வழி இருக்கிறது. இது பாராட்டத் தக்க மாற்றம். ஆனாலும் பதிவேடு விண்டோஸின் உள்ளேயே இருப்பதால், ஸ்டீமில் செய்ததுபோலக் கோப்புறையை வேறு கணினிக்கு எடுத்துச் சென்று காட்டி ஏற்க வைக்க முடியாது.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். யூபிசாஃப்ட் கனெக்ட் தன் செயலியின் கோப்புறைக்குள் 'கேம்ஸ்' என்ற இடத்தில் வைக்கிறது. ஈஏ செயலி 'புரோகிராம் ஃபைல்ஸ்' கோப்புறைக்குள் 'ஈஏ கேம்ஸ்' என்ற இடத்தில் வைக்கிறது. ரயட் நிறுவனத்தின் விளையாட்டுகள் சி டிரைவின் வாசலில் 'ரயட் கேம்ஸ்' கோப்புறையில் இருக்கும். மின்கிராஃப்ட் ஜாவா பதிப்பு மட்டும் இவற்றிலிருந்து விலகி, பயனரின் 'ஆப்டேட்டா' கோப்புறையில் '.மின்கிராஃப்ட்' என்ற பெயரில், நாம் கட்டிய உலகங்களையும் சேர்த்தே வைத்திருக்கிறது.

உலகங்கள் என்றதும் மிக முக்கியமான ஒன்றுக்கு வருகிறோம். விளையாட்டின் கோப்புகளை மறுபடி இறக்கிக்கொள்ளலாம். நாம் விளையாடிச் சேர்த்த முன்னேற்றத்தை அப்படி இறக்க முடியாது. அது பெரும்பாலும் விளையாட்டின் கோப்புறையில் இருப்பதில்லை. ஸ்கைரிம் சிறப்புப் பதிப்பு 'டாக்குமென்ட்ஸ்' கோப்புறையின் 'மை கேம்ஸ்' பகுதியில் எழுதுகிறது. எல்டன் ரிங் 'ஆப்டேட்டா'வின் 'ரோமிங்' பகுதியில். ஹாலோ நைட் அதே 'ஆப்டேட்டா'வின் 'லோக்கல்லோ' பகுதியில். கடைகளும் கூடவே தங்கள் வழக்கத்தைச் சேர்க்கின்றன: ஸ்டீம் சிலவற்றைத் தன் 'யூசர்டேட்டா' கோப்புறையில் வைக்கிறது, யூபிசாஃப்ட் 'சேவ்கேம்ஸ்' என்று தனியே வைக்கிறது, எக்ஸ்பாக்ஸ் செயலியோ 'ஆப்டேட்டா'வின் 'பேக்கேஜஸ்' பகுதிக்குள், பெயரைப் பார்த்து எதுவும் புரியாத கோப்புகளாக எழுதுகிறது.

அக்கா மகன் உண்மையில் இழந்தது இங்கேதான். ஸ்டார்டியூ வேலியை ஜிஓஜியில் வாங்கி, நிறுவல் கோப்பைத் தனியே இறக்கி டி டிரைவில் நிறுவியிருந்தான். விளையாட்டு பத்திரமாக இருந்தது, சொடுக்கியதும் திறந்தது. ஆனால் அதன் சேமிப்புகள் சி டிரைவில், 'ரோமிங்' பகுதியின் 'ஸ்டார்டியூவேலி' கோப்புறையில் இருந்தன. கேலக்ஸி இல்லாததால் இணையத்தில் நகலும் இல்லை. "மாமா, என் தோட்டத்தைக் காணோம்" என்று அவன் சொன்னபோது, தேட இடமே மிச்சமில்லை என்பது எனக்குத் தெரிந்திருந்தது. நான் மிகவும் மதிக்கும் கடையிலேயே இந்த இழப்பு நேர்ந்தது என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்: பூட்டு இல்லாத வீட்டில் காவல் நம் பொறுப்பு.

ஆகவே ஒரே விளையாட்டு பல கடைகளில் கிடைத்து, விலையும் ஏறக்குறைய ஒன்றாக இருந்தால், இடம் மாற்றுவதும் விண்டோஸை அடிக்கடி மறுநிறுவுவதும் வழக்கமாக உள்ளவருக்கு ஸ்டீமையே சொல்வேன். கடை மூடினாலும் விளையாட்டு தன்னிடம் இருக்கவேண்டும் என்று எண்ணி, சேமிப்புகளைத் தானே நகலெடுத்து வைக்கும் பழக்கமும் உள்ளவருக்கு ஜிஓஜி. எபிக்கில் விளையாடுவோர், விண்டோஸை அழிக்கும்முன் 'மேனிஃபெஸ்ட்ஸ்' கோப்புறையை வேறு டிரைவில் நகலெடுத்து வைத்துக்கொள்வது நல்லது. எந்த விளையாட்டு எங்கே இருந்தது என்பதாவது அதில் எழுத்தில் இருக்கும். எந்தக் கடையானாலும், கணினியைப் பழுது பார்க்கக் கொடுக்கும்முன், விண்டோஸ் விசையோடு ஆர் எழுத்தை அழுத்தி, சதவீதக் குறிகள் இரண்டுக்கு நடுவே 'ஆப்டேட்டா' என்று ஆங்கிலத்தில் தட்டினால் அந்த மறைந்த கோப்புறையின் 'ரோமிங்' பகுதி திறக்கும். உங்கள் விளையாட்டின் பெயர் அங்கே இருந்தால் அதையும், 'டாக்குமென்ட்ஸ்' கோப்புறையில் உள்ள 'மை கேம்ஸ்' பகுதியையும் பென் டிரைவில் நகலெடுங்கள். அங்கே இல்லையென்றால், ஒரு படி மேலே சென்று 'லோக்கல்', 'லோக்கல்லோ' இரண்டையும் பார்த்துவிடுங்கள்.