சுற்றுச்சூழல் படிக்கணுமா? என்யூஎஸ்ஸா, என்டியூவா, இல்ல இன்ஜினியரிங்கா?

இங்க சிங்கப்பூர்ல அக்கா பையன் என்எஸ் (கட்டாய தேசிய சேவை) முடிக்கப் போறான். "சித்தி, எனக்கு சுற்றுச்சூழல்தான் படிக்கணும், எங்க சேரட்டும்?"னு தேக்காவுல தோசை சாப்பிட்டுக்கிட்டே கேட்டான். யூனி பேர விடு, உன்ன எந்தக் கேள்வி தூங்க விடாம பண்ணுது, அத முதல்ல சொல்லுடான்னேன்.

என்யூஎஸ்ல, அதாவது சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்துல, 2011ல ஆரம்பிச்ச என்விரான்மென்டல் ஸ்டடீஸ்ல அறிவியலோட சட்டம், பொருளாதாரம், கொள்கை எல்லாம் சேந்து வரும், அப்புறம் உயிரியல் பக்கமோ புவியியல் பக்கமோ போகலாம். பெரிய ஆலைங்க வெளிய விடுற கரியமில வாயு மாதிரி வாயுக்களுக்குப் போடுற கார்பன் வரி 2019ல டன்னுக்கு 5 வெள்ளி, 2024ல 25, 2026ல 45, ஏன் இப்படி ஏத்துறாங்க, பாரம் யார் தலையில விழுதுன்னு யோசிக்கிற பிள்ளைக்கு இதுதான் சரி.

என்டியூல (நன்யாங் தொழில்நுட்பப் பல்கலைக்கழகம்) ஏசியன் ஸ்கூல் ஆஃப் தி என்விரான்மென்ட் 2015ல வந்தது. மண்ணு, கடல், உயிரினம், மனுஷங்க எல்லாத்தையும் ஒரே பூமியா வச்சு சொல்லித்தர்றாங்க. எனக்கு இதுமேல கொஞ்சம் பாசம் ஜாஸ்தி, காரணம் இருக்கு. ஒரு தடவ குழாய் விட்டு எடுத்த களிமண்ண நெடுக்கா பொளந்து வச்சிருந்தத பாத்தேன், மேல சாம்பல் நிறத்துல கடல் களி, அடியில கருப்பா வேர் நாரோட சதுப்பு மண்ணு. அலையாத்தி மரம் கடல் ஏறி இறங்குற அந்தக் குறுகின இடத்துலதான் வளரும், அதனால அந்த வேரோட வயசையும் அது இருந்த ஆழத்தையும் பாத்தாலே அன்னிக்கு கடல் மட்டம் எங்க இருந்துச்சுன்னு கணக்கு போட்டுடலாம். சிங்கப்பூர்ல சுமார் 30 சதவீத நிலம் கடல் மட்டத்துலேருந்து 5 மீட்டருக்கும் கீழதான் இருக்கு, அப்போ இது வெறும் பழங்கதை இல்லையே!

"தெரிஞ்சா போதாது, சரி பண்ணணும்"னு துடிக்கிறவங்க என்டியூலயே என்விரான்மென்டல் இன்ஜினியரிங் பாக்கலாம். 2003லேருந்து வர்ற நியூவாட்டர், அதாவது கழிவுநீரச் சுத்தம் பண்ணி எடுக்கிற தண்ணி, இந்தப் படிப்போட வேலைதான். அங்க தண்ணிய வடிகட்டுற மெம்பிரேன்ங்கிற மெல்லிய சவ்வுல கிருமிங்க கூட்டமா ஒட்டி வழவழன்னு படிஞ்சிடும், படிஞ்சா பம்பு திணறும், கரண்ட் செலவு ஏறும், அத எப்படித் தடுக்கறதுன்னே வருஷக்கணக்கா மண்டைய உடைக்கணும். கணக்கும் கெமிஸ்ட்ரியும் பிடிக்காதவங்க இந்தப் பக்கம் வராதீங்க, ரொம்ப கஷ்டப்படுவீங்க. செமாக்காவ் குப்பைத் தீவு 2035 வாக்குல நிரம்பிடும்னு சொல்றாங்க, ஆக வேலைக்குப் பஞ்சமே இல்ல.

பையன் இன்னும் முடிவு பண்ணல. சனிக்கிழம கடல் வத்துற நேரம் பாத்து சுங்கை பூலோ அலையாத்திக் காட்டுக்குக் கூட்டிட்டுப் போறேன், மரப்பாலத்துல நின்னு அந்தச் சேத்த அவனே பாக்கட்டும்.