பாட்டியின் நிறத்தைக் கேட்ட ஸ்டூடியோ (சுங்கை சிப்புட்)

பழைய படத்தைச் சரிசெய்து பெரிதாக்கித் தர இங்கே மலேசியாவில், ஈப்போ நகரில் எத்தனையோ கடைகள் இருக்கின்றன, கைப்பேசியில் இலவசச் செயலிகளும் இருக்கின்றன. இருந்தாலும் தாத்தா பாட்டி படத்தைச் சாமி அறையில் மாட்ட நினைப்பவர்கள் சுங்கை சிப்புட் பழைய கடைவரிசையில் இருக்கும் இந்தச் சின்ன ஸ்டூடியோவுக்குத்தான் போக வேண்டும் என்பேன். ஏன் என்று சொல்லக் கொஞ்சம் நீட்டி எழுத வேண்டியிருக்கிறது.

என் அப்பாவைப் பெற்ற பாட்டிக்கு இருப்பது ஒரே படம், பழைய ஐசி படம், அதாவது அடையாள அட்டைப் படம். 1948 ஜூன் 16-ஆம் தேதி நம்ம ஊர்ப் பக்கத்துத் தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் தோட்டத் துரைமார் கம்யூனிஸ்டுகளால் சுடப்பட்டு, பிரிட்டிஷ் ஆட்சி அறிவித்த அவசரகாலம் வந்தது எல்லோருக்கும் தெரியும். அதைத் தொடர்ந்து 12 வயதுக்கு மேற்பட்ட எல்லோரும் படம் எடுத்து, கைரேகை வைத்து அடையாள அட்டை வாங்க வேண்டும் என்ற உத்தரவும் வந்தது. பால்மரத்துக்கு (ரப்பர் மரம் வெட்ட) போய் வந்த உடுப்போடு, லயத்துக்கு (தோட்டத் தொழிலாளர் குடியிருப்பு வரிசைக்கு) முன்னால் வரிசையில் நின்று எடுத்ததாகப் பாட்டி சொல்லியிருக்கிறார். ஆளை அடையாளம் பிடிக்க எடுத்த படம், அழகாக இருக்கிறதா என்று யார் பார்த்தார்கள்? குற்றவாளியை நிறுத்தியதுபோல் நேராக முறைத்துக்கொண்டு நிற்பார். அதைத்தான் இன்று நாம் மாலை போட்டு மாட்ட வேண்டியிருக்கிறது.

இதே படத்தைச் சித்தப்பா முன்பு வேறோர் ஊரில் ஒரு கடையில் கொடுத்தார். ரோஜா நிறக் கன்னம், சிவந்த உதடு, பட்டுப்புடவை, பின்னால் நீல வானம் என்று வந்தது. பார்க்க அழகாகத்தான் இருந்தது, ஆனால் அத்தை அதை வாங்கிப் பார்த்துவிட்டு "இது யாரு?" என்று கேட்டார், அப்புறம் அந்தப் படம் அலமாரிக்குள் போனதுதான்.

இந்த ஸ்டூடியோவை நடத்தும் அண்ணன் படத்தை வாங்கியதும் கேட்ட முதல் கேள்வி, "பாட்டி என்ன நிறம்?" அடுத்தது, "அவங்களக் கண்ணால பார்த்தவங்க யாராச்சும் வீட்டுல இருக்காங்களா? கூட்டிட்டு வாங்க." அத்தையைக் கூட்டிப்போனேன். கணினிக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்காரவைத்தார். கறுப்பு வெள்ளைப் படத்துக்கு வண்ணம் ஏற்றிக்கொண்டே போக, அத்தை "இன்னும் கறுப்பு, இன்னும் கொஞ்சம்" என்றார். கடைசியில் தன் முழங்கையைத் திரையோடு ஒட்டி வைத்து, "இந்த நிறம், ஆனா உள்பக்கம் இல்ல, வெயில் பட்ட பக்கம்" என்றார். அண்ணன் விளக்கைக் கூட்டி வைத்து அந்தக் கையைப் பார்த்துப் பார்த்து நிறத்தைச் சரிசெய்தார்.

அவர் வேலைக்கு ஒரே ஒரு கோடு கிழித்து வைத்திருக்கிறார். "காகிதத்துக்கு வந்தத நான் எடுத்துடுவேன், ஆளுக்கு வந்தத கேட்டுட்டுத்தான் தொடுவேன்." பூஞ்சை, மடிப்பு, கன்னத்தின்மேல் விழுந்த முத்திரை மை எல்லாம் போய்விட்டன. அம்மைத் தழும்பு இருக்கிறது. சட்டைக் கழுத்தில் கறுப்புத் திட்டுகள் இருந்தன, ரப்பர் பால் பட்டு உறைந்த கறை. தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்குத் தெரியும், எந்தச் சோப்புக்கும் அது போகாது, நாளாக நாளாகக் கறுக்கும். அழுக்காகத் தெரிகிறது, எடுத்துவிடலாம் என்றான் சித்தப்பா மகன். அண்ணன் வாதாடவில்லை, கறையோடு ஒன்று, கறை இல்லாமல் ஒன்று என்று இரண்டு பிரதி அச்சடித்து அத்தை முன்னால் வைத்தார். அத்தை கறையோடு இருந்ததை எடுத்துக்கொண்டார்.

நான் தத்துவம் படித்தவன், இன்னமும் படிக்கிறவன். அறமும் அழகியலும் ஒன்றுதான் என்று 1921-இல் வெளியான நூலில் தத்துவவாதி விட்கென்ஸ்டைன் அடைப்புக்குறிக்குள் ஒரே வரியில் எழுதிவிட்டுப் போய்விட்டார். அது எப்படி ஒன்றாகும்? அழகாகப் பொய் சொல்லலாமே, ரோஜாக் கன்னப் பாட்டியே சாட்சி. அப்படி எழுதிய மனிதர் 1926 முதல் 1928 வரை வியன்னாவில் தன் அக்காவுக்கு வீடு கட்டும் வேலையில் இறங்கி, கதவுக் கைப்பிடிவரை தானே வடிவமைத்தார். வீடு முடிந்து துடைக்கப் போகும் நேரத்தில் ஓர் அறையின் கூரையை 3 செண்டிமீட்டர் உயர்த்தச் சொன்னார் என்று இன்னோர் அக்கா எழுதி வைத்திருக்கிறார். அவ்வளவு பிடிவாதத்தை ரசனை என்று மட்டும் சொல்லிவிட முடியுமா? அத்தை முழங்கையை நீட்டியபோதும் எனக்கு இதே கேள்விதான் வந்தது. கடைசியில் அவர் தலையாட்டியது நிறம் பொருந்தியதற்கா, தாய்க்கு நியாயம் கிடைத்ததற்கா? பக்கத்தில் நின்ற எனக்கு இரண்டையும் பிரித்துப் பார்க்க முடியவில்லை.

நாவலாசிரியரும் தத்துவவாதியுமான ஐரிஸ் மர்டாக் இதை இன்னும் கிட்டத்தில் காட்டுகிறார், அதுவும் மாமியார் மருமகளை வைத்து. மருமகள் நாகரிகம் தெரியாதவள், சத்தம் போடுகிறவள் என்று மாமியாருக்கு மனதுக்குள் எண்ணம், வெளியே மட்டும் ஒரு குறையும் காட்டவில்லை. அப்புறம், நாம் சரியாகப் பார்க்கவில்லையோ என்று நினைத்துத் திரும்பத் திரும்பப் பார்க்கிறார். பார்க்கப் பார்க்க அது வெகுளித்தனமாகவும் கலகலப்பாகவும் தெரிகிறது. நடத்தையில் எந்த மாற்றமும் இல்லை, பார்வை மட்டும்தான் மாறியது, அதுவே அறச்செயல் என்கிறார் மர்டாக். ஸ்டூடியோ அண்ணன் நாள் முழுக்கச் செய்வதும் இப்படிப் பார்க்கிற வேலைதான். முறைத்துக்கொண்டிருந்த பாட்டியின் கண்ணில் அவர் எதையும் திருத்தவில்லை, பின்னணியை அமைதியாக்கி, நெற்றிமேல் இருந்த நிழலைக் கொஞ்சம் தளர்த்தினார். முறைப்பு எங்கே போனதென்று தெரியவில்லை, பாட்டி ஏதோ யோசிக்கிறார்.

இன்னொன்று. படத்தின் ஓரம் கரையான் அரித்து ஒரு காது இல்லை. செயலியில் போட்டால் ஒரு நொடியில் யாருடைய காதையோ வரைந்து கொடுத்துவிடும். இவர் அந்த இடத்தை மங்கலான சாம்பல் நிறத்தில் அப்படியே விட்டிருக்கிறார். தள்ளி நின்றால் கண்ணுக்குத் தெரியாது, கிட்டே போனால் இல்லை என்பது தெரியும். 1939-இல் ரோமில் நிறுவப்பட்ட மறுசீரமைப்பு நிலையத்தின் முதல் இயக்குநர் செசாரே பிராண்டி, சிதைந்த ஓவியங்களில் வண்ணம் போன இடத்தை மெல்லிய செங்குத்துக் கோடுகளால் நிரப்பும் முறையை வளர்த்தார். தூரத்தில் படம் முழுமையாகத் தெரியும், கிட்டத்தில் கோடுகள் உண்மையைச் சொல்லிவிடும். பிராண்டி பேரை அண்ணன் கேள்விப்பட்டதில்லை. பல வருட வேலை அவரையும் அங்கேயேதான் கொண்டு வந்து சேர்த்திருக்கிறது.

"மஞ்சள் அழகும் அழகல்ல" என்ற நாலடியார் வரியை எடுத்துக்கொண்டு, மனசுதான் முக்கியம், படம் எப்படி இருந்தால் என்ன என்பவர்களோடு எனக்கு ஒத்துப்போகவில்லை. மங்கி, நிறம் கோணி, மட்டமான தாளில் அச்சடித்த படமும் செத்தவருக்குச் செய்யும் அவமரியாதைதான். அதனால்தான் இவர் தாளுக்கும் மைக்கும் காசு பார்ப்பதில்லை. தன் விதியையும் கண்ணை மூடிக்கொண்டு பிடித்துத் தொங்குவதில்லை. நோயில் கன்னம் வீங்கிப்போன கணவரின் கடைசிப் படத்தோடு ஓர் அம்மா வந்திருந்தார். நல்லா இருந்தப்ப எடுத்த படம் ஏதாவது இருக்கா என்று கேட்டு வாங்கி, அதைப் பார்த்து வீக்கத்தை வடித்துக் கொடுத்தார். நோய்க்கு முந்திய முகம்தானே அந்த அம்மா கூட வாழ்ந்த முகம், அவர் செய்தது நியாயம்.

குறைகளும் உண்டு. ரொம்ப மெதுவாகத்தான் வேலை நடக்கும், தீபாவளிக்கு முன்னால் கொடுத்தால் கட்டாயம் தாமதமாகும். புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) கேட்டால் பதில் வராது, நேரில் போக வேண்டும். ஃபிரேம்கள் சுமார்தான், தங்க நிறப் பூவேலை போட்டதெல்லாம் படத்தையே விழுங்கிவிடும், கறுப்பு மரச்சட்டம் கேட்டு வாங்குங்கள். சாதாரணப் படம் 60 வெள்ளி (ரிங்கிட்), எங்கள் படத்துக்கு 180 வெள்ளி ஆனது, வேலையைப் பார்த்தவன் என்ற முறையில் அது குறைவு என்பேன். சாவு வீட்டுக்கு என்றால் அன்றைக்கே செய்து கொடுக்கிறார், அதற்குக் கூடுதல் காசு வாங்குவதில்லை.

கைப்பேசியில் படம் பிடித்து அனுப்ப வேண்டாம், அசல் படத்தையே எடுத்துப் போங்கள். கண்ணாடியோடு ஒட்டிப்போயிருந்தால் நீங்கள் பிரிக்கப் பார்க்காதீர்கள், முகம் கண்ணாடியிலேயே தங்கிவிடும். சட்டத்தோடு கொடுத்தால் கண்ணாடிக்கு மேலாகவே ஸ்கேன் எடுத்துக்கொள்வார். ஞாயிறு கடை இல்லை.