கஸ்டடி உத்தரவை மாற்ற: வாசலில் ஒரு சோதனை வேண்டுமா?

பெற்றோர் பிரிந்தபின் பிள்ளை யாரிடம், எப்போது இருக்க வேண்டும் என்று நீதிமன்றம் போடுவதுதான் கஸ்டடி உத்தரவு. பிள்ளைக்கு மூன்று வயது இருக்கும்போது போட்ட அப்படி ஒரு உத்தரவு இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்: "புதன்கிழமை மாலை 4 முதல் 6 வரை அப்பாவிடம். இரவு தங்கக் கூடாது." ஏழு வருடம் ஓடிவிட்டது. இப்போது அவளுக்குப் புதன் மாலையில் நீச்சல் பயிற்சி. அப்பா வந்து கூட்டிக்கொண்டு போய்த் திரும்ப விடுவதற்குள் பாதி நேரம் வண்டியிலேயே கழிகிறது. காகிதத்தில் மட்டும் அவள் இன்னும் மூன்று வயதுக் குழந்தை. இதை மாற்றக் கேட்டு மனு போட்டால், எந்த நாட்டு நீதிமன்றம் என்பதைப் பொறுத்து வழக்கு இரண்டு விதமாகத் தொடங்கும்.

கனடாவில் பிள்ளைக்கு எது நல்லது என்ற பேச்சு இரண்டாவதுதான். முதல் கேள்வி, "என்ன மாறிவிட்டது?" 1996-ல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் வகுத்த சோதனை இது; இதைத் தாண்டினால்தான் மனு உள்ளே போகும் என்பதால் வாசல் சோதனை என்று சொல்லலாம். பிள்ளையின் தேவையோ நிலைமையோ, பெற்றோரின் திறனோ மாறியிருக்க வேண்டும். அந்த மாற்றம் பிள்ளையைப் பெரிய அளவில் பாதிக்க வேண்டும். பழைய உத்தரவைப் போட்ட நீதிபதி அதை எதிர்பார்த்திருக்க முடியாததாகவும் இருக்க வேண்டும். அந்த வழக்கில் தாய் மேற்படிப்புக்காக ஆஸ்திரேலியா போக விரும்பினார். வாசலைத் தாண்ட அது போதுமானதாக இருந்தது.

ஆஸ்திரேலியாவிலும் இதே போக்குதான். 1970-களின் இறுதியிலிருந்து தீர்ப்பு வழியாக வந்த விதியை 2024 மே முதல் சட்டத்திலேயே எழுதிவிட்டார்கள்.

இந்தியாவில் கதை வேறு. கஸ்டடி உத்தரவு எல்லாமே தற்காலிகமானதுதான், காலம் போகப் போகப் பிள்ளையின் நலனுக்காக மாற்றலாம் என்று 1973-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இருவரும் சம்மதித்துப் பெற்ற உத்தரவுக்கும் இது பொருந்தும். இங்கிலாந்தின் 1989-ஆம் ஆண்டு குழந்தைகள் சட்டத்திலும் வாசல் சோதனை எழுதப்படவில்லை. ஆனால் ஓயாமல் மனு போடுபவர், நீதிமன்ற அனுமதியில்லாமல் மறுபடி வரக் கூடாது என்று 91(14) பிரிவின் கீழ் தடை போடலாம்.

வாசல் சோதனையின் பலன் எளிதில் புரியும். தீர்ப்பு பிடிக்காதவர் ஆறு மாதத்துக்கொரு முறை வழக்கைக் கிளறினால், ஒவ்வொரு தடவையும் "உனக்கு யாரிடம் இருக்கப் பிடிக்கும்?" என்று பிள்ளையைத்தான் விசாரிப்பார்கள். வாய்தா மேல் வாய்தாவில் வளரும் பிள்ளைக்கு, எது நிலையான வீடு என்பதே தெரியாமல் போகும்.

அதன் கோளாறு அந்த மூன்றாவது நிபந்தனையில் இருக்கிறது. பிள்ளை வளரும் என்பது எந்த நீதிபதிக்குத் தெரியாது? தாய் கண்டம் விட்டுக் கண்டம் போனால் அது பளிச்சென்று தெரிகிற மாற்றம். மூன்று வயது மெல்லப் பத்து வயதாக மாறுவது அப்படித் தெரிவதில்லை. "இது எதிர்பார்த்ததுதானே" என்று எதிர்த்தரப்பு வக்கீல் ஒரே வரியில் வாதிட முடிகிறது. நம் புதன்கிழமை அப்பா அங்கேயே சிக்கிக்கொள்வார்.

என் ஓட்டு இங்கிலாந்து முறைக்கு. தொல்லை கொடுப்பவரை மட்டும் தடுத்து நிறுத்துகிறது. வளர்ந்த பிள்ளைக்காக முதல் முறை வருபவர், என்ன மாறியது என்று நிரூபித்துவிட்டு உள்ளே வர வேண்டியதில்லை. வயதுக்கேற்றபடி நேரம் கூடும் என்று முதல் உத்தரவிலேயே படிப்படியாக எழுதி வாங்கியிருந்தால் இந்தச் சிக்கலே வராது. சண்டை சூட்டில் யாருக்கு அது தோன்றுகிறது!

இருவருக்கும் சம்மதம் என்றால் ஆஸ்திரேலியாவில்கூட வாசல் சோதனை தேவையில்லை. ஆனால் வாய்ப்பேச்சாக மாற்றிக்கொண்டு விட்டுவிடாதீர்கள், அந்தச் சம்மதத்தை உத்தரவாக வாங்கி வையுங்கள். நாளை மனஸ்தாபம் வந்தால், நீதிமன்றம் முதலில் எடுத்துப் பார்ப்பது அந்தப் பழைய "4 முதல் 6 வரை" காகிதத்தைத்தான்.