வேலூரில் ஸ்ட்ரிங் ஆஃப் பேர்ல்ஸ் வாங்குபவர்களுக்கு: காசு கொடுக்கும் முன் கொடியை இழுத்துப் பாருங்கள்

காட்பாடி போகும் வழியில் ஒரு நர்சரியில் ஏப்ரலில் 350 ரூபாய்க்கு வாங்கிய ஸ்ட்ரிங் ஆஃப் பேர்ல்ஸ் தொட்டி (முத்து கோத்ததுபோல் உருண்டை இலைகளோடு தொங்கும் கொடிச்செடி) 12 நாளில் கூழாகிவிட்டது. போய்க் கேட்டால், "தண்ணி ஜாஸ்தி ஊத்திட்டீங்கம்மா" என்ற ஒரே பதில். ஊற்றியதே ஒரு தடவைதான். தொட்டியைக் கவிழ்த்தபோது விஷயம் தெரிந்தது. பதினாறு கொடிகளில் வேர் இருந்தது மூன்றுக்கு. மற்றவை கத்தரிக்கோலால் நறுக்கி, ஈரக் கோகோபீட்டில் (தேங்காய் நார்த்தூளில்) அரை அங்குலம் செருகப்பட்டவை. வெட்டுவாய் கறுத்திருந்தது. அதை ஒட்டிய முத்துகள் நீர்கோத்து, தொட்டதும் நசுங்கின.

இந்த ஏமாற்று கடையில் தெரியாது. முத்து முழுக்கத் தண்ணீர் இருப்பதால், வெட்டிய கொடிகூட ஒன்றிரண்டு வாரம் பச்சையாகவே நிற்கும். அதற்குள் விற்றுவிடுகிறார்கள்.

வாங்கும்போது நான்கைந்து கொடிகளை அடியில் பிடித்து மெதுவாக இழுங்கள். வேர் ஊன்றியது மண்ணைப் பிடித்துக்கொண்டு நிற்கும், செருகியது கையோடு வந்துவிடும். தொட்டியின் அடியில் ஓட்டை இருக்கிறதா என்றும் பாருங்கள். அழகான பீங்கான் கிண்ணத்தில் ஓட்டையே இல்லாமல் விற்கிறார்கள், அதில் இந்தச் செடி பிழைக்காது.

நல்ல செடியே கிடைத்தாலும் அந்தக் கோகோபீட்டில் விடாதீர்கள். மேலே காய்ந்து, நடுவில் ஈரம் தங்கும். நம் ஊர் 40 டிகிரியில் அந்த ஈரம் சூடேறி வேர் வெந்துவிடும். தென்னாப்பிரிக்காவின் வறண்ட பகுதிகளில் புதர் நிழலில் தரையோடு படர்ந்து, கணுவுக்குக் கணு வேர்விடும் செடி இது. வேர் ஆழம் போகாது. 4 அங்குல அகலம், 3 அங்குல ஆழமுள்ள மண்தொட்டி தாராளம். கலவை: மிளகு அளவுக்கு உடைத்த செங்கல் 2 பங்கு, சலித்துக் கழுவிய பருமணல் 1 பங்கு, மட்கிய இலை உரம் 1 பங்கு. எம்-சாண்ட் என்றால் தூசி போகும்வரை கழுவ வேண்டும், இல்லாவிட்டால் சிமெண்ட் மாதிரி இறுகிவிடும்.

தாகத்தையும் அழுகலையும் குழப்பிக்கொள்வதுதான் பெரிய தவறு. தாகமெடுத்த முத்து திராட்சை காய்வதுபோல் சுருங்கும், நிறம் மாறாது. அழுகல் மண்ணை ஒட்டிய அடியிலிருந்து தொடங்கும், முத்து மஞ்சளாகி, கண்ணாடிபோல் உள்ளே தெரியும். இரண்டாவதைப் பார்த்துவிட்டுத் தண்ணீர் ஊற்றினால் மிச்சமும் போச்சு. கலவைக்குள் ஒரு ஈர்க்குச்சியைச் செருகி எடுங்கள். ஈரமாக வந்தால் ஊற்ற வேண்டாம். கத்திரி வெயில் நாட்களில் செடி வளர்வதை நிறுத்திவிடும், அப்போது சாயங்காலம் மட்டும், கொஞ்சமாக. ஐப்பசி மழையில் வெளியே தொங்கவிடவே கூடாது.

வெளிச்சம்: காலை 9 மணி வரை வெயில் விழும் கிழக்கு ஜன்னல். கூரையை ஒட்டித் தொங்கவிட்டால் தொட்டியின் மேல்பரப்பு இருட்டாகி, உச்சி வழுக்கையாகும். கொடி தொங்கும் பக்கத்தைவிட அந்த உச்சிக்குத்தான் வெளிச்சம் தேவை.

ஏமாந்து வாங்கிவிட்டவர்கள், அழுகலுக்கு இரண்டு அங்குலம் தள்ளி நல்ல பகுதியில் வெட்டுங்கள். இரண்டு நாள் நிழலில் போட்டு வெட்டுவாயைக் காயவிடுங்கள். பிறகு செருகாமல், கலவையின் மேல் கோலம் போடுவதுபோல் சுருட்டிப் படுக்க வைத்து, கணுக்கள் மண்ணைத் தொடும்படி ஹேர்பின்னால் குத்துங்கள். மேல்மண் லேசாக ஈரமாக இருந்தால் மூன்று, நான்கு வாரத்தில் வேர் பிடிக்கும். முத்தைத் தின்றால் வாந்தி வரும், குழந்தைகளுக்கும் பூனைக்கும் எட்டாமல் வையுங்கள்.

ஆன்லைனில் "நீல முத்து விதை, சிவப்பு முத்து விதை" என்று பாக்கெட் விற்பது முழுப் பொய். இது சூரியகாந்திக் குடும்பம். விதை மெல்லியதாக, நுனியில் வெள்ளைப் பஞ்சோடு இருக்கும், உருண்டையாக இருக்காது. நீலத்தில் இந்தச் செடியே கிடையாது. பணம் கட்டிவிட்டிருந்தால் பாக்கெட், பில் இரண்டையும் படமெடுத்து வைத்துக்கொண்டு தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்கு அழையுங்கள்.