513 படி, ஒரே ஒரு சுருள்

சனிக்கிழமை ராத்திரி பினாங்கு ஜார்ஜ்டவுனில் ஒரு பழைய கடைவீட்டு மாடியில், பக்தியைப் பற்றிய சோதனைக் குறும்படங்கள் போட்டார்கள். ஆறு படம், தலைக்கு 20 வெள்ளி. துணைக்கு அத்தையைக் கூட்டிப்போனேன். மூன்று தைப்பூசம் பால்குடம் எடுத்தவர், சோதனைப் படம் என்றதும் "யாருக்குடா சோதனை, நமக்கா?" என்று கேட்டுக்கொண்டேதான் வந்தார்.

முதல் மூன்றும் ஒரே ரகம். ட்ரோன், மெதுவாக அசையும் மயிலிறகு, பின்னால் உறுமுகிற மாதிரி ஒரு இசை, திரை முழுக்க அலகு குத்திய கன்னம். தலைப்பை மாற்றினால் சுற்றுலா விளம்பரம். 2017 முதல் தங்க ரதம், வெள்ளி ரதம் என்று இரண்டு ஓடுகிற ஊரில் பளபளப்புக்கா பஞ்சம்?

நான்காவது, ரதத்துக்கு முன்னால் தேங்காய் உடைப்பதைப் பின்னோக்கி ஓட்டியது. தெருவெல்லாம் சிதறிய சில்லுகள் எழும்பி, கூடி, முழுத் தேங்காயாகிக் கைக்குத் திரும்புகின்றன. முதலில் சிரிப்பு வந்தது; அப்புறம், நேர்ந்துகொண்டதைச் சாமி வேண்டாமென்று திருப்பிக் கொடுக்கிற மாதிரி தோன்றித் திக்கென்றது.

ஐந்தாவதுக்காகவே போகலாம். சூப்பர் 8 என்கிற பழைய சின்ன ஃபிலிம் சுருள் ஒன்று 50 அடி, நொடிக்கு 18 ஃபிரேம் வீதம் 3 நிமிடம் 20 நொடி ஓடும், அதாவது 3,600 ஃபிரேம். தண்ணீர்மலை முருகனுக்கு 513 படி. படிக்கு 7 ஃபிரேம் என்று எடுத்துக்கொண்டே ஏறியிருக்கிறார் அந்த இயக்குநர், வெட்டு ஒட்டு எதுவும் கிடையாது. மஞ்சள் பூசிய கால்விரல், சிந்திய பால், நசுங்கிய எலுமிச்சை, ஈரப்படி, மறுபடியும் ஈரப்படி. மேலே போய்ச் சேரும்போது மிச்சம் 9 ஃபிரேம், அரை நொடி. அதிலும் வெறும் வெள்ளை வெளிச்சம்தான் விழுந்திருக்கிறது. சாமியைக் காணோம். பின்வரிசையில் யாரோ "அவ்வளவுதானா?" என்றார். அத்தை என் பக்கம் சாய்ந்து, "எனக்கும் சன்னதி ஞாபகமே இல்லடா, படிதான் ஞாபகம்" என்றார்.

ஆறாவதில் நான் தூங்கிவிட்டேன். அத்தை நன்றாக இருந்தது என்கிறார்.

தொடங்கியதே 40 நிமிடம் தாமதம், அதற்கு ஒரு மன்னிப்பும் இல்லை. நேர்த்திக்கடனை ஆங்கில சப்டைட்டிலில் வங்கிக் கடன் மாதிரி மொழிபெயர்த்திருந்தார்கள். தமிழ் தெரிந்தவர்கள் மட்டும் தப்பான இடத்தில் சிரித்தோம். மரப்படி வேறு செங்குத்து, கைப்பிடி ஆடுகிறது, முட்டி வலி உள்ளவர்கள் யோசித்துப் போங்கள். இறங்கும்போது அத்தை எண்ணிப் பார்த்தார், 26.