கணிதத்துக்கு ஆப்ஜெக்ட் ஓரியண்டட்: எந்தப் புத்தகம் எதை கிளாஸ் ஆக்குகிறது?

அறிவியல் கணக்கீட்டுக்காக ஆப்ஜெக்ட் ஓரியண்டட் புரோகிராமிங் (தரவையும் அதன் மேல் செய்யும் வேலைகளையும் கிளாஸ் என்ற ஒரே அச்சில் கட்டி, அதிலிருந்து ஆப்ஜெக்ட்களை வார்க்கும் நிரல்முறை) படிக்க வருபவர்கள் பைத்தானா, சி++ஆ, ஃபோர்ட்ரானா என்றுதான் முதலில் கேட்பார்கள். நான் ஒரு புத்தகத்தைப் புரட்டும்போது தேடுவது வேறு. கணிதத்திலிருந்து இது எதை எடுத்து கிளாஸ் ஆக்குகிறது? வங்கிக் கணக்கு, நாய், பூனை, ஊழியர், மேலாளர் என்று உதாரணம் காட்டும் பொதுப் புத்தகங்களில் இலக்கணம் நன்றாகவே வந்துவிடும். ஆனால் வகைக்கெழுச் சமன்பாடு ஒன்றைத் தீர்க்க உட்காரும்போது அணி கிளாஸா, சமன்பாடு கிளாஸா, தீர்க்கும் முறை கிளாஸா என்று புரியாமல் திணறுவோம். அந்தத் திணறலை எது தீர்க்கிறது என்று பார்த்துத்தான் இந்தப் புத்தகங்களை எடைபோடுகிறேன்.

கணிதம் படித்தவர், பைத்தான் கொஞ்சம் தெரியும் என்றால் டேவிட் ஹாம் எழுதிய 'ஆப்ஜெக்ட் ஓரியண்டட் புரோகிராமிங் இன் பைத்தான் ஃபார் மேத்தமட்டீஷியன்ஸ்' (2023) புத்தகத்தில் ஆரம்பிக்கலாம். லண்டன் இம்பீரியல் கல்லூரியில் கணித மாணவர்களுக்குப் பாடம் எடுப்பவர், புத்தகத்தை இணையத்தில் இலவசமாகவே படிக்கலாம். இதில் முதலில் கிளாஸ் ஆவது பல்லுறுப்புக்கோவை. கெழுக்களை உள்ளே வைத்துக்கொண்டு, கூட்டல் குறி போட்டால் கூட்டவும், ஒரு எண்ணைக் கொடுத்தால் மதிப்பைச் சொல்லவும் அதற்குக் கற்றுக்கொடுக்கிறோம். அப்புறம் குலம் (group) வருகிறது, இன்ஹெரிடன்ஸ் (ஒரு தாய் கிளாஸில் இருப்பதைப் பிள்ளை கிளாஸ் வாங்கிக்கொள்வது) எதற்கு என்று எனக்கு உறைத்த இடம் அதுதான். எச்சங்களைக் கூட்டும் குலமும் அணிகளைப் பெருக்கும் குலமும் ஒரே தாய் கிளாஸிலிருந்து பிறக்கின்றன, கூட்டலா பெருக்கலா என்ற செயல் மட்டும் மாறுகிறது. கணிதத்தில் 'எந்தக் குலத்துக்கும் இது பொருந்தும்' என்று ஒரு தேற்றம் எழுதுகிறோமே, அதே காரியத்தை நிரலில் செய்வதுதான் இன்ஹெரிடன்ஸ். பிறகு கோவைகளை மரமாக வைத்து வகையிடுவது வரை போகிறார். குறை என்றால், எண்முறைத் தீர்வுகள் இதன் மையம் இல்லை. பெரிய அணிகளைச் சிமுலேஷனில் ஓட்டப் போகிறவர் இதோடு நின்றுவிட முடியாது.

அவர்களுக்குத்தான் ஜோ பிட்-ஃபிரான்சிஸும் ஜோனத்தன் வைட்லியும் எழுதிய 'கைடு டு சயின்டிஃபிக் கம்ப்யூட்டிங் இன் சி++' (2012, இரண்டாம் பதிப்பும் உண்டு). சி++ தெரியாதவரையும் கைப்பிடித்துக் கூட்டிப்போகும். கலப்பெண்ணுக்கு ஒரு கிளாஸ், பிறகு வெக்டர், அணி, அதன்பின் எம்பிஐ (பல புராசஸர்கள் தங்களுக்குள் செய்தி அனுப்பிக்கொள்ளும் முறை) வைத்து இணைக் கணக்கீடு. பயிற்சிகள் இதன் பெரிய பலம். சாதாரண வகைக்கெழுச் சமன்பாட்டுத் தீர்ப்பானை ஒரு கருத்தியல் கிளாஸாக (என்ன செய்வது என்று மட்டும் சொல்லி, எப்படி என்பதைப் பிள்ளைகளிடம் விடுவது) வைத்து, ஆய்லர் முறையையும் ருங்கே-குட்டா முறையையும் அதன் பிள்ளைகளாக எழுதிப் பார்த்தால், முறையை மாற்றும்போது மற்ற நிரலைத் தொடவே வேண்டியதில்லை என்பது கையில் உறைக்கும். ஆனால் நடை பாடப்புத்தக நடைதான், ஒரு வடிவமைப்பை ஏன் தேர்ந்தெடுத்தோம் என்ற விவாதம் குறைவு.

அந்த விவாதம் நிறைய வேண்டுமா? டேமியன் ரௌசன், ஜிம் ஷியா, ஷியாவோஃபெங் ஷூ மூவரும் எழுதிய 'சயின்டிஃபிக் சாஃப்ட்வேர் டிசைன்' (2011) எடுங்கள். ஃபோர்ட்ரான் 2003, சி++ இரண்டிலும் நிரல் தருகிறார்கள். ஃபோர்ட்ரானில் இன்ஹெரிடன்ஸும் பாலிமார்ஃபிஸமும் (ஒரே அழைப்புக்கு ஒவ்வொரு கிளாஸும் தன் வழியில் பதில் சொல்வது) வந்ததே அந்த 2003 தரத்தில்தான். இவர்கள் கிளாஸ் ஆக்குவது அணியை அல்ல, வெப்பநிலைப் புலம் போன்ற முழுப் புலத்தை. வெப்பச் சமன்பாட்டில் வரும் இரண்டாம் வகைக்கெழுக்களின் கூட்டலான லாப்லாசியன், அந்தப் புலத்தின் மேல் செய்யும் ஒரு செயல். அதனால் வெப்பச் சமன்பாடு காகிதத்தில் இருப்பதுபோலவே நிரலிலும் ஒரே வரியில் வந்து நிற்கிறது. எனக்கு இந்தப் பட்டியலில் மிகவும் பிடித்தது இதுதான். வேகத்துக்கும் இது ஒத்துவரும், ஏனென்றால் மெத்தட் (கிளாஸுக்குள் இருக்கும் ஃபங்ஷன்) அழைப்பு ஒரு புலத்துக்கு ஒருமுறைதான், உள்ளே இருக்கும் லூப் வெறும் வரிசைகளில் ஓடுகிறது. ஒவ்வொரு கட்டப்புள்ளியையும் ஆப்ஜெக்ட் ஆக்கி, உள் லூப்பில் விர்ச்சுவல் ஃபங்ஷனை (எந்த கிளாஸின் ஃபங்ஷன் என்று நிரல் ஓடும்போதுதான் முடிவாவது) அழைப்பவர்கள்தான் 'ஆப்ஜெக்ட் ஓரியண்டட் என்றாலே மெதுவு' என்று சொல்லிக்கொண்டு திரும்புகிறார்கள். ஆனாலும் இது தொடக்கக்காரருக்கு இல்லை, ஒரு ஆயிரம் வரி சொந்த நிரலோடு மல்லுக்கட்டிய பிறகு படித்தால்தான் ஏறும்.

புலங்களைக் கூட்டல் குறி போட்டுக் கூட்டுவதில் ஒரு சிக்கல் இருக்கிறது. மூன்று வெக்டர்களைக் கூட்டினால், நடுவில் தற்காலிக வெக்டர் ஒன்று பிறக்கும். பத்து லட்சம் இரட்டைத் துல்லிய எண்கள் என்றால் அது மட்டுமே 8 மெகாபைட். 1990களில் சி++ ஆட்கள் இதற்குக் கண்டுபிடித்த வழி எக்ஸ்பிரஷன் டெம்ப்ளேட், முழுக் கோவையையும் கம்பைலரே ஒரே லூப்பாக விரித்துவிடும். அந்தக் காலத்து டெம்ப்ளேட் (டைப்பைப் பின்னால் நிரப்பிக்கொள்ளும் நிரல் அச்சு) சிந்தனை எப்படி இருந்தது என்று பார்க்க பார்ட்டனும் நாக்மனும் 1994-ல் எழுதிய 'சயின்டிஃபிக் அண்ட் இன்ஜினியரிங் சி++' இன்றும் சுவையானது. மீட்டரையும் நொடியையும் கூட்டினால் கம்பைலரே மறுக்கும்படி அலகுகளை டைப்பாக மாற்றுகிறார்கள். சி++ முதன்முதலாக 1998-ல் தரப்படுத்தப்படுவதற்கு முன் வந்த புத்தகம் என்பதால், நிரலை அப்படியே தட்டாமல் யோசனைகளை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

எண்முறை அல்காரிதங்களின் தொகுப்பான 'நியூமெரிக்கல் ரெசிபிஸ்' (மூன்றாம் பதிப்பு, 2007) போதாதா என்று கேட்பவர்கள் உண்டு. அல்காரிதத்துக்குப் போதும், வடிவமைப்புக்குப் போதாது. ஒரு விஷயம் மட்டும் அதில் அழகு. எல்யூ பிரிப்பை (ஓர் அணியை இரண்டு முக்கோண அணிகளின் பெருக்கமாக உடைப்பது) ஒரு ஆப்ஜெக்டாக வைத்திருக்கிறார்கள். உருவாக்கும்போது பிரித்துவிடும், பிறகு சமன்பாட்டின் வலப்பக்கம் மாற மாறத் தீர்த்துத் தரும். 1000-க்கு 1000 அணியில் பிரிக்க ஏறத்தாழ 67 கோடி கணக்குகள், அதன்பின் ஒவ்வொரு தீர்வுக்கும் சுமார் 20 லட்சம்தான். பிரித்ததை ஞாபகம் வைத்துக்கொள்ள ஓர் ஆப்ஜெக்ட் இருப்பதன் லாபம் அவ்வளவு. நிரலை மற்றவர்களோடு பகிர்வதற்கு அதன் உரிமத்தில் கட்டுப்பாடு இருக்கிறது, அதனால் திறந்த மூலத் திட்டத்துக்குள் ஒட்டும் முன் அதைப் படித்துவிடுங்கள்.