டாக்கருடன் ஏழு ஆண்டுகள்: எறியக் கற்றுக்கொண்ட கதை

கும்பகோணத்தில் உட்கார்ந்து, சுற்றுவட்டார அரிசி ஆலைகளுக்கும் நெல் மண்டிகளுக்கும் கணக்கு மென்பொருள் எழுதிக் கொடுப்பது என் பிழைப்பு. மென்பொருளையும் அது ஓடத் தேவையானவற்றையும் ஒரே பொதியாகக் கட்டி எந்தக் கணினியிலும் ஓடவிடும் டாக்கர் என்ற கருவியை 2018 முதல் பயன்படுத்துகிறேன். அதற்கு முன்பு ஒவ்வோர் ஆலைக்கும் நேரில் போய் பைத்தான் நிரல்மொழி, போஸ்ட்கிரெஸ் தரவுத்தளம் என்று ஒவ்வொன்றாக நிறுவுவேன். மன்னார்குடியில் ஓடுவது பாபநாசத்தில் ஓடாது. ஏன் என்று கண்டுபிடிப்பதற்குள் கடைசி பஸ் போய்விடும்.

சுவாமிமலையில் சிலை வார்ப்பதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். மெழுகை உருக்கி வடித்துவிட்டு உலோகத்தை ஊற்றுவார்கள். ஆறியதும் மண் அச்சை உடைத்தால்தான் சிலை வெளியே வரும். அதே அச்சில் இரண்டாவது சிலை கிடையாது. சிலைக்கு அது பெருமை. கணினிக்கு அது தலைவலி. நான் அமைத்துக் கொடுத்த கணினிகள் அத்தனையும் சுவாமிமலைச் சிலைகளாகவே இருந்தன. டாக்கரில் அச்சு உடைவதில்லை. டாக்கர்ஃபைல் என்ற செய்முறைக் கோப்பில் எழுதியபடி இமேஜ் என்ற அச்சு ஒன்று உருவாகிவிட்டால், அதிலிருந்து கன்டெய்னர் என்ற ஓடும் பிரதிகளை எத்தனை வேண்டுமானாலும் எடுக்கலாம். கெட்டுப்போனால் எறிந்துவிட்டு வேறொன்றை ஓடவிடலாம்.

இந்த எறிதல்தான் எனக்கு எளிதில் பிடிபடவில்லை. தொடக்கத்தில் ஓடிக்கொண்டிருக்கும் கன்டெய்னருக்குள் நுழைந்து கோப்பைத் திருத்துவேன். புதிய கன்டெய்னர் வந்ததும் திருத்தம் காணாமல் போகும். எறியக் கூடாததை எறிந்ததும் உண்டு. பல கன்டெய்னர்களைச் சேர்த்து இயக்கும் டாக்கர் கம்போஸில், அவற்றை நிறுத்தி நீக்கும் 'டவுன்' கட்டளையோடு '-வி' என்ற ஒற்றை எழுத்தைச் சேர்த்தால், தரவைத் தனியே சேமித்து வைக்கும் வால்யூமும் சேர்ந்து அழியும். தரவுத்தளம் இருப்பதே அதற்குள்தான். ஓர் ஆலையின் மூன்று நாள் வரவு அப்படிப் போயிற்று. கணக்குப்பிள்ளை ரசீதுக் கட்டை எடுத்து வைத்துக்கொண்டு, ஒரு வார்த்தை பேசாமல், முதலிலிருந்து பதிந்தார். திட்டியிருந்தால் தேவலை.

அவரே சம்பா அறுவடை நேரத்தில் ஒருநாள் கூப்பிட்டார். "தம்பி, விடியற்காலை நாலு மணிக்கு வந்த லாரிக்கு நேற்றுத் தேதி விழுந்திருக்கிறதே?" இரண்டு நாள் நிரலைக் குடைந்தேன். குற்றம் அங்கே இல்லை. கன்டெய்னர் பொதுவாக உலக நேரத்தில் ஓடும். நம் நேரத்துக்கு ஐந்தரை மணி பின்னால். அதிகாலை ஐந்தரைக்கு முன் எடை போட்ட மூட்டையெல்லாம் முந்தைய நாள் கணக்கில் சேர்ந்திருந்தது. ஆசியா/கொல்கத்தா என்று நேர மண்டலத்தைக் கொடுத்தும் மாறவில்லை. நான் எடுத்திருந்தது அல்பைன் என்ற மிகச் சிறிய லினக்ஸின் இமேஜ். சுமார் 5 எம்பிதான் என்று ஆசைப்பட்டு எடுத்தது. நேர மண்டலத் தரவைத் தனியாக நிறுவினால்தான் அது கேட்கும். நிரல்களுக்கு அடித்தளமான சி நூலகமும் மற்ற லினக்ஸ்களில் இருப்பதிலிருந்து வேறு என்பதால் அந்த நாளில் சில பைத்தான் தொகுப்புகளை அங்கேயே கம்பைல் செய்ய வேண்டியிருந்தது. சிக்கனம் பார்த்து நேரத்தை இழந்ததுதான் மிச்சம். இப்போது டெபியன் என்ற லினக்ஸின் ஸ்லிம், அதாவது சுருக்கிய, இமேஜ்தான்.

கன்டெய்னரை மெய்நிகர் கணினி, அதாவது கணினிக்குள் தனி இயங்குதளத்தோடு ஓடும் இன்னொரு கணினி, என்று நினைப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். லினக்ஸில் அது வெறும் புரோசஸ், ஓடிக்கொண்டிருக்கும் ஒரு நிரல். இயங்குதளத்தின் மையமான கெர்னல் எல்லோருக்கும் ஒன்றே. கெர்னலின் நேம்ஸ்பேஸ் வசதி கன்டெய்னர்களுக்கிடையே தடுப்புச் சுவர் எழுப்புகிறது, சிகுரூப் நினைவகத்தையும் சிபியூவையும் அளந்து கொடுக்கிறது. விண்டோஸிலோ பின்னால் ஒரு லினக்ஸ் மெய்நிகர் கணினி ஓடியாக வேண்டும். என் 8 ஜிபி மடிக்கணினி அதில் மூச்சுத் திணறியதால் லினக்ஸுக்கே மாறிவிட்டேன்.

கன்டெய்னர் தன் ஓட்டத்தைக் குறித்து வைக்கும் பதிவுக் கோப்புகளுக்கு (லாக்) இயல்பாக அளவு வரம்பு கிடையாது. வரம்பு வைக்காமல் விட்டால் ஒருநாள் வட்டு நிரம்பி எல்லாம் நிற்கும். எனக்கு நின்றது, அதுவும் தாளடி அறுவடையின்போது.

இவ்வளவுக்குப் பிறகும் விடவில்லை. ஐப்பசி மழையில் மின்சாரம் போய்ப் போய் வரும் ஊர் இது. ரீஸ்டார்ட் அமைப்பில் 'அன்லெஸ்-ஸ்டாப்டு', அதாவது நாமே நிறுத்தாத வரை மீண்டும் ஓடு, என்று ஒரு வரி எழுதியிருக்கிறேன். கணினி எழுந்ததும் மென்பொருளும் தானே எழுந்துவிடுகிறது, எனக்கு அழைப்பு வருவதில்லை. இணையம் இழுபறியான ஆலைகளுக்கு இமேஜை 'டாக்கர் சேவ்' கட்டளையால் கோப்பாக்கி பென்டிரைவில் பஸ்ஸிலேயே கொண்டுபோகிறேன். பழைய பதிப்பு இருக்கும் பென்டிரைவைக் கணக்குப்பிள்ளை திருப்பித் தருவதில்லை. அது கல்லாப்பெட்டியில், ரசீதுக் கட்டுகளுக்கு அடியில் இருக்கிறது.